ஆறு மாதத்துக்குப் பிறகு ஒன்றும் வராது என்கிறார்கள்: தொடர்வதா, விடுவதா?

9 ஜனவரி 2023
பெங்களூர் ஹெப்பாளிலிருந்து ஒரு வாசகியின் கேள்வி

அம்மாவுக்குப் பக்கவாதம் வந்து நாளையோடு ஆறு மாதம் முடிகிறது. வலப்பக்கம் முழுவதும் விழுந்துவிட்டது, பேச்சும் போயிற்று. ஆறு மாதத்துக்குள் வருவதுதான் வரும், அதற்குமேல் செய்யும் பயிற்சியெல்லாம் வீண் செலவு என்று சொந்தக்காரர்கள் ஒரே குரலில் சொல்கிறார்கள். அம்மாவின் முகத்தைப் பார்த்தால் விட மனம் வரவில்லை. என் உடம்பையும் பையையும் பார்த்தால் தொடரவும் தெம்பில்லை. இதைக் கடந்து வந்தவர்கள் அந்தத் தெம்பை எங்கிருந்து எடுத்தீர்கள்?

10 ஜனவரி 2023

தொடருங்கள். காரணத்தைச் சற்று விரிவாக எழுதுகிறேன்.

என் அப்பாவுக்கு 2022 மே மாதத்தில், அவருடைய அறுபத்தாறாவது வயதில், இதே போல் வலப்பக்கம் விழுந்தது. நாங்கள் பெங்களூர் அல்சூரில் இருக்கிறோம். விடியற்காலையில் கை மரத்திருக்கிறது என்று அவர் சைகை காட்டியபோது, ஒருக்களித்துப் படுத்ததால் வந்த மரப்பு என்று நினைத்து அம்மா தைலம் தேய்த்தார். வாய் கோணியதைப் பார்த்த பிறகே எங்களுக்குப் பயம் வந்தது. மருத்துவமனை வாசலை மிதித்தபோது ஏழு மணி நேரம் ஓடிப்போயிருந்தது. இரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசியைப் பொதுவாக நாலரை மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும் என்பதை அந்த வாசலில் நின்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். அந்த இரண்டரை மணி நேரக் கணக்கு என்னை விட்டு இன்னும் போகவில்லை. இதைப் படிப்பவர்கள் வாய் கோணல், கை தொய்வு, பேச்சுக் குழறல் ஆகிய மூன்றில் ஒன்றைக் கண்டாலும் தைலத்தைத் தேடாமல் வண்டியைத் தேடுங்கள்.

ஆறு மாதப் பேச்சு எங்கிருந்து வந்தது என்று நானும் தேடிப் படித்தேன். முதல் மூன்று மாதங்களில் மீட்சி மிக வேகமாக நடக்கிறது. பிறகு வேகம் குறைகிறது. வேகம் குறைவதைக் கதவு மூடிவிட்டதாகச் சொல்லிச் சொல்லியே அது ஒரு விதி போல ஆகிவிட்டது. ஜெர்மனியில், பக்கவாதம் வந்து ஆறு மாதம் தாண்டியும் பேச்சுக் குறையோடு இருந்த 156 பேரை வைத்துச் செய்த ஆய்வு 2017-இல் வெளிவந்தது. வாரத்துக்குப் பத்து மணி நேரத்துக்குக் குறையாமல் மூன்று வாரம் பயிற்சி பெற்றபோது அவர்களுடைய அன்றாடப் பேச்சில் முன்னேற்றம் தெரிந்தது. பயிற்சிக்குக் காத்திருந்த காலத்தில் அப்படித் தெரியவில்லை.

தெம்பு எங்கிருந்து என்று கேட்டீர்கள். என் அப்பா ஓர் அரசுத் தொழிற்சாலையில் முப்பத்து நான்கு ஆண்டுகள் லேத் இயந்திரத்தில் டர்னராக நின்றவர். அவருடைய மனஉறுதிதான் எங்களை இங்கே வரை கொண்டுவந்திருக்கிறது. உங்கள் அம்மாவுக்கும் அந்த உறுதியை ஊட்டுங்கள்.

10 ஜனவரி 2023, இரவு

ஒரு திருத்தம். அந்த ஜெர்மானிய ஆய்வு எழுபது வயதுக்கு உட்பட்டவர்களை வைத்து, பேச்சை மட்டும் பார்த்தது. கை கால் பற்றி அது எதுவும் சொல்லவில்லை. காலையில் நான் எழுதிய தொனி எல்லாவற்றுக்கும் உறுதி கொடுப்பது போல இருக்கிறது. அப்படிப் படிக்க வேண்டாம்.

22 ஜனவரி 2023

உங்கள் அம்மா ‘இல்லை’ என்ற ஒரே சொல்லை எல்லாவற்றுக்கும் சொல்கிறார் என்றும், சோறு வேண்டுமா என்றால் ‘இல்லை’ என்றபடியே தட்டை இழுத்துக்கொள்கிறார் என்றும் எழுதியிருந்தீர்கள். அவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். பாரிஸ் அருகே லெபோர்ன் என்ற நோயாளி இருபத்தொரு ஆண்டுகள் மருத்துவமனையிலேயே வாழ்ந்தார். எதைக் கேட்டாலும் அவர் வாயில் ‘தான்’ என்ற ஓசைதான் வரும், ஆனால் பிறர் பேசுவது அவருக்குப் பெரும்பாலும் புரிந்தது. 1861-இல் அவர் இறந்தபின் பால் புரோகா என்ற மருத்துவர் அவருடைய மூளையைப் பார்த்து, இடது முன்பக்கத்தில் இருந்த பழுதைக் காட்டினார். சொல்லை உருவாக்கும் இடம் பழுதாவது வேறு. எண்ணம் பழுதாவது வேறு.

என் அப்பாவுக்கு மூன்றாவது வாரத்தில் வந்த முதல் சொல் ‘பேக்கு’. வேண்டும் என்பதற்கான கன்னடச் சொல் அது. இரண்டாவது ‘பேடா’, அதாவது வேண்டாம். நாற்பது ஆண்டுகளாக வீட்டில் தமிழே பேசிய மனிதர் தன்னைக் கன்னடத்தில் கேட்கிறாரே என்று அம்மா அடுப்படிக்குப் போய் அழுதார். பல மொழி பேசுபவர்களுக்கு முதலில் கற்ற மொழிதான் தங்கும் என்று பிரான்சின் உளவியலாளர் ரிபோ கருதினார். நோய் வந்த காலத்தில் அதிகம் புழங்கிய மொழிதான் முதலில் திரும்பும் என்று அதே நாட்டு மருத்துவர் பித்ர் 1895-இல் எழுதினார். பிற்காலத்தில் பதிவான நோயாளிகளின் கதைகள் இரண்டுக்கும் முழுமையாக அடங்கவில்லை. எங்கள் வீட்டில் திரும்பி வந்தது பட்டறையின் மொழி. பிறகு அம்மாவும் ‘பேக்கா?’ என்று கேட்கத் தொடங்கினார். அப்பா சிரித்தார், வாயின் ஒரு பக்கத்தால்.

இன்னொன்றையும் செய்து பாருங்கள். தண்ணீர் என்று சொல்ல முடியாத அப்பா, நான் ‘ஞாயிறு’ என்று எடுத்துக்கொடுத்தால் சனி வரை தடையில்லாமல் சொல்லி முடிப்பார்; ஒன்றிலிருந்து இருபது வரை எண்ணுவார்; முருகன் படத்தின் முன்னால் ‘அரோகரா’ முழுதாக வரும். வாய்ப்பழக்கமாய்ப் படிந்த சொற்களும் பாட்டும் பல நேரம் தப்பிப் பிழைக்கின்றன. பாஸ்டனில் சிலர் 1973-இல் இதையே பிடித்துக்கொண்டு, சொற்களை ராகம் போட்டு இழுத்துச் சொல்லவைக்கும் பயிற்சி ஒன்றை வகுத்தார்கள். ‘தண்ணீ வேணும்’ என்பதை நான் தாலாட்டு மெட்டில் இழுத்து, அவருடைய இடது கையைத் தொடையில் தட்டவைத்தேன். அறுபது, எழுபது முறை தட்டியபின் ஒருநாள் மெட்டோடு வந்தது. மெட்டில்லாமல் வர இன்னும் இரண்டு மாதம் பிடித்தது.

5 பிப்ரவரி 2023

முன்னேற்றமே கண்ணுக்குத் தெரியவில்லை என்கிறீர்கள். எங்களுக்கும் தெரியவில்லை, அப்பாதான் அதைத் தெரியவைத்தார்.

சென்ற நவம்பரில் ஒரு மாலை அவர் பரணைக் காட்டிக் காட்டிக் கோபப்பட்டார். எதை எடுத்துக் காட்டினாலும் ‘பேடா’. கடைசியில் அவருடைய பழைய தகரப் பெட்டியை இறக்கினேன். அதற்குள்ளிருந்து வெர்னியர் காலிப்பரை எடுத்து என் கையில் கொடுத்து, தன் வலக்கையை மேசைமேல் தூக்கி வைத்தார். கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் நடுவே எவ்வளவு திறக்க முடிகிறது என்று அளக்கச் சொல்கிறார் என்பது எனக்குப் புரியவே ஐந்து நிமிடம் ஆயிற்று. அன்று 6.40 மில்லிமீட்டர். நான் ஆறு என்று எழுதினேன். அவர் பேனாவைத் தட்டிவிட்டார். அந்தக் கருவி 0.02 மில்லிமீட்டர் வரை காட்டும்போது முழு எண்ணாக எழுதுவது அவருடைய தொழிலில் பொய்க் கணக்கு.

அன்றிலிருந்து தினமும் காலையில் அளந்து நோட்டில் எழுதுகிறோம். டிசம்பர் கடைசியில் 10.80, நேற்று 14.20. வெறும் கண்ணால் பார்த்தால் அந்தக் கை நவம்பரில் இருந்தது போலத்தான் இன்றும் இருக்கிறது. அளவு என்ற ஒன்று இல்லாவிட்டால் டிசம்பரிலேயே கைவிட்டிருப்போம். உங்களுக்கு வெர்னியர் தேவையில்லை. தையல் டேப் போதும், அல்லது ஒரு நிமிடத்தில் எத்தனை கொண்டைக்கடலையைக் கிண்ணம் மாற்றுகிறார் என்ற எண்ணிக்கை போதும்.

19 மார்ச் 2023

மேலே எழுதியதற்கு மறுபக்கம் ஒன்று இருக்கிறது என்பதை ஆறு வாரத்தில் கற்றுக்கொண்டேன்.

14.20. 14.26. 14.18. 14.20. பிப்ரவரி முழுவதும் இதுதான். மார்ச் முதல் வாரத்தில் அவருக்குச் சளி பிடித்தபோது 12.90. களைப்பும் குளிரும் காய்ச்சலும் தசை இறுக்கத்தைக் கூட்டும் என்று பிசியோதெரபிஸ்ட் சொல்லியிருந்தார். ஆனாலும் அந்த எண்ணைப் பார்த்த அப்பா நோட்டை மூடித் தள்ளிவிட்டார். எந்த எண் எங்களைத் தூக்கி நிறுத்தியதோ அதே எண் எங்களை உட்காரவைத்துவிட்டது. தினமும் அளப்பதை நிறுத்தி, மாதம் ஒருமுறை, முதல் தேதியில் மட்டும் அளப்பது என்று வைத்துக்கொண்டிருக்கிறோம். பிப்ரவரிக் குறிப்பைப் படித்துவிட்டுத் தினமும் அளக்கத் தொடங்கியவர்கள் இதையும் படிக்க வேண்டும் என்பதற்காகவே எழுதுகிறேன்.

இன்னொன்று. இதை எழுதலாமா என்று மூன்று நாளாக யோசித்தேன். 12.90 வந்த அன்று இரவு மொட்டை மாடியில் துணி எடுக்கப் போனவள், துணியை எடுக்காமல் தண்ணீர்த் தொட்டி ஓரமாக வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். இதெல்லாம் எப்படியாவது முடிந்துபோனால் நல்லது என்று ஓர் எண்ணம் வந்தது. எப்படி முடிவதை நான் சொல்கிறேன் என்பது எனக்கே தெரிந்தபோது எழுந்து கீழே வந்துவிட்டேன். மறுநாள் காலையில் வழக்கம்போல் பல் தேய்த்துவிட்டு, காலுக்குப் பட்டை மாட்டிவிட்டு, இட்லியைப் பிட்டு வைத்தேன். எந்தத் தெம்பும் வந்து சேர்ந்திருக்கவில்லை. ஏழு மணி ஆகியிருந்தது, அவருக்குப் பசித்தது, அவ்வளவுதான்.

20 மார்ச் 2023

நேற்றைய குறிப்பின் இரண்டாவது பகுதியை நீக்கிவிடும்படி ஒருவர் அன்போடு கேட்டிருக்கிறார். நீக்கப்போவதில்லை. அந்த எண்ணம் வந்த ஒவ்வொருவரும் தனக்கு மட்டுமே வந்தது என்று நினைத்து ஒடுங்கிப் போகிறார்கள். நானும் அப்படித்தான் இருந்தேன்.

2 ஏப்ரல் 2023

ஜனவரி 10-ஆம் தேதி, ‘மனஉறுதியை ஊட்டுங்கள்’ என்று எழுதினேன். அந்த வரியை இன்று திரும்பப் பெறுகிறேன்; ஏன் என்றும் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதனால் என் வீட்டிலேயே கெடுதல் நடந்தது.

பேச்சு வரத் தொடங்கியதும் எனக்குப் பேராசை வந்துவிட்டது. அவர் ‘தண்ணி’ என்றால் ‘தண்ணி கொடு’ என்று சொன்னால்தான் டம்ளரை நீட்டுவேன். ‘காப்பி’ என்பதற்கு ‘சாவி’ என்று வாய் தவறினால் திருத்தி, மறுபடியும் திருத்தி, சரியாக வரும்வரை விடமாட்டேன். ‘உங்களால் முடியும், மனசு வைங்கப்பா’ என்று ஒரு நாளைக்கு இருபது தடவை சொல்லியிருப்பேன். மார்ச் பாதியில் அவர் பேசுவதையே நிறுத்திவிட்டார். பதினோரு நாள் ஒரு சொல் இல்லை. ‘அரோகரா’ கூட இல்லை. சுவரைப் பார்த்துப் படுத்துக்கொள்வார்.

பேச்சுப் பயிற்சி தரும் அம்மையார் என்னைத் தனியாக உட்காரவைத்துப் பேசினார். பக்கவாதம் வந்தவர்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவருக்கு மனச்சோர்வு நோய் வருகிறது என்றும், அது சோம்பலோ பிடிவாதமோ இல்லை, மூளைக்கு ஏற்பட்ட காயத்துக்கும் அதில் பங்கு உண்டு என்றும், அதற்கு மருத்துவரிடம் மருந்து இருக்கிறது என்றும் சொன்னார். பிறகு கேட்டார்: ‘நாள் முழுக்க மனசு வையுங்கள் என்று சொன்னால், வராத ஒவ்வொரு சொல்லுக்கும் அவர் மனசு வைக்கவில்லை என்று நீங்கள் குற்றம் சாட்டுவதாகத்தானே அவருக்குக் கேட்கும்?’ எனக்குப் பதில் வரவில்லை.

அவர் மாற்றச் சொன்னவை சின்னச் சின்ன விஷயங்கள். கேட்டபின் பத்து வரை மனத்துக்குள் எண்ணிக் காத்திருக்க வேண்டும். சொல் தவறினாலும் பொருள் புரிந்துவிட்டால் டம்ளரைக் கொடுத்துவிட வேண்டும். ஆம், இல்லை என்று பதில் வரக்கூடிய கேள்விகளையே முதலில் கேட்க வேண்டும். வீட்டில் டி.வி. ஓடும்போது பேசச் சொல்லக் கூடாது. மருத்துவர் ஒரு மாத்திரையும் எழுதினார். பன்னிரண்டாம் நாள் அப்பா என்னைப் பார்த்து ‘சாவி’ என்றார். நான் காப்பி கொண்டுபோய்க் கொடுத்தேன். இன்றுவரை எங்கள் வீட்டில் காப்பிக்குச் சாவி என்றுதான் பெயர்.

நோயுற்றவரிடம் மனஉறுதியைக் கேட்பதை விட்டுவிடுங்கள். அவரிடம் இருக்கும் உறுதி முழுவதும் நாற்காலியிலிருந்து எழுந்து நிற்பதற்கே செலவாகிவிடுகிறது.

14 மே 2023

அப்படியானால் எதைப் பிடித்துக்கொண்டு தொடர்வது என்று நியாயமாகவே கேட்டிருக்கிறீர்கள். எங்கள் வீட்டில் நடப்பதைச் சொல்கிறேன்.

அப்பாவோடு ஒரே ஷிப்டில் வேலை பார்த்த கன்னட நண்பர் ஒருவர் ஜோகுபாளையாவில் இருக்கிறார். பிப்ரவரி கடைசியிலிருந்து தினமும் காலை ஆறே காலுக்கு வந்துவிடுகிறார். உள்ளே வருவதில்லை, ஆறுதல் சொல்வதில்லை, எப்படி இருக்கிறது என்று கேட்பதில்லை. வாசலில் நின்று ஒரே ஒரு சொல்: ‘நடி’. கன்னடத்தில் நட, கிளம்பு என்று பொருள். ‘நடக்கச் சொல்லாமல் நடிக்கச் சொல்கிறாரே இந்த மனுஷர்’ என்று முதல் வாரத்தில் அம்மா சொன்னபோது, அந்த வீட்டில் பல மாதங்களுக்குப் பின் நாங்கள் மூவரும் சேர்ந்து சிரித்தோம்.

ஆறே காலுக்கு ஒருவர் வாசலில் நிற்கிறார் என்பதால், இன்று நடக்கலாமா வேண்டாமா என்ற கேள்வியே எங்கள் வீட்டில் எழாமல் போயிற்று. அதற்கு முன் தினமும் காலையில் அந்த ஒரு கேள்வியை எதிர்கொள்வதிலேயே பாதித் தெம்பு கரைந்துபோகும். அப்பாவின் முகத்தைப் பார்ப்பேன், என் முதுகுவலியை நினைப்பேன், மேகத்தைப் பார்ப்பேன், சரி நாளைக்கு என்று விடுவோம். அப்பா பேச்சற்றுப் படுத்திருந்த அந்தப் பதினோரு நாளும் நண்பர் வந்தார், ‘நடி’ என்றார், அப்பா வராவிட்டால் கால் மணி நேரம் திண்ணையில் உட்கார்ந்துவிட்டுப் போனார். ஏழாம் நாள் அப்பா படுக்கையிலிருந்து எழுந்து செருப்பை மட்டும் மாட்டிக்கொண்டார். எட்டாம் நாள் வாசற்படி வரை வந்தார்.

எங்கள் வீட்டிலிருந்து ஏரிக்கரை முன்பு எட்டு நிமிட நடை. மார்ச்சில் தெருமுனைப் பால் பூத் வரை. ஏப்ரலில் சோமேஸ்வரர் கோயில் தெருத் திருப்பம். நேற்று, ஐம்பது நிமிடத்தில், நடுவே மூன்று இடங்களில் உட்கார்ந்து, ஏரிக்கரை வள்ளுவர் சிலை வரை. அந்தச் சிலை 1991-இல் நிறுவப்பட்டு, திறக்கப்படாமல் மூடிக் கிடந்து, 2009 ஆகஸ்ட் 9-ஆம் தேதிதான் திறக்கப்பட்டது என்பது பெங்களூர்த் தமிழர்களுக்குத் தெரியும். அத்தனை ஆண்டும் அப்பா அதைக் கடந்துதான் சைக்கிளில் வேலைக்குப் போனார். நேற்று சிலையின் கீழே நின்று மூச்சு வாங்கியபடி விரல்களை விரித்துப் பத்து காட்டினார், பிறகு எட்டு காட்டினார். பிறகு தன் நெஞ்சைத் தொட்டு ஒரே ஒரு விரல் காட்டினார். அவருக்கு அப்போது சரியாக ஓராண்டு ஆகியிருந்தது.

21 மே 2023

புறா இரத்தம் பூசச் சொல்வதைப் பற்றி மூன்று பேர் கேட்டிருக்கிறீர்கள். எங்களுக்கும் நான்கு பேர் சொன்னார்கள். செய்யவில்லை. புறா இரத்தத்தால் நரம்பு பிழைக்காது. அந்தப் பணத்தில் கழிப்பறையில் ஒரு பிடிகம்பி வையுங்கள். இன்னொன்று, விழுந்த பக்கத்துக் கையைப் பிடித்து இழுத்து யாரையும் எழுப்பாதீர்கள். தோள் மூட்டு இறங்கிவிடும், அந்த வலி மாதக்கணக்கில் பயிற்சியையே நிறுத்திவிடும்.

9 ஜூலை 2023

மே மாதக் குறிப்பைப் படித்தபோது ஒன்று உறுத்துகிறது. எல்லாம் நாங்கள் நினைத்த திசையில் போவது போல எழுதியிருக்கிறேன். எந்தத் திசை, யார் நினைத்தது என்பதில் இப்போது வீட்டில் பெரிய வழக்கு நடக்கிறது.

ஓய்வூதியம் வரும் வங்கிக்கு ஆண்டுதோறும் உயிர்வாழ் சான்று கொடுக்க வேண்டும். சென்ற ஆண்டு அப்பாவைச் சக்கர நாற்காலியில் கொண்டுபோனோம். கவுன்ட்டரில் இருந்தவர் எந்தக் கெட்ட எண்ணமும் இல்லாமல் மைப்பெட்டியை நீட்டினார். அப்பா அதைப் பார்த்த பார்வையை நான் மறக்க மாட்டேன். ஏழாவதோடு படிப்பை நிறுத்திவிட்டு ஊரை விட்டு வந்து, வரைபடம் பார்த்துக் கடையும் வேலையைக் கற்று, சம்பளப் பதிவேட்டில் முப்பத்து நான்கு ஆண்டும் தமிழில் கையெழுத்துப் போட்டவர் அவர். பெருவிரலை அன்று நான்தான் பிடித்து மையில் அழுத்தினேன்.

கைவிரல் திறக்க வேண்டும், வாக்கியம் வாக்கியமாகப் பேச வேண்டும், இவையெல்லாம் என் ஆசைகள் என்பது எனக்குச் சென்ற மாதம்தான் தெரிந்தது. அவருக்கு வேண்டியது ஒன்றுதான்: அடுத்த முறை கைநாட்டு வைக்கக் கூடாது. அதற்காக இரவில் நாங்கள் தூங்கிய பின் காலண்டர் தாள்களின் பின்பக்கத்தில் இடக்கையால் எழுதிப் பழகிக்கொண்டிருந்திருக்கிறார். தலையணைக்கு அடியில் நாற்பதுக்கும் மேற்பட்ட தாள்கள் இருந்தன.

பிசியோதெரபிஸ்ட் தயங்கினார், அவருடைய தயக்கத்தில் நியாயம் இருக்கிறது. நல்ல கையாலேயே எல்லாவற்றையும் செய்து பழகினால், விழுந்த கை தன்னால் முடிந்ததைக்கூடச் செய்யாமல் ஒதுங்கிவிடும் என்று அமெரிக்க உளவியலாளர் எட்வர்ட் டாப் காட்டியிருக்கிறார். நல்ல கைக்கு உறை மாட்டிக் கட்டிவைத்து, விழுந்த கையை வேலை வாங்கும் பயிற்சி அதிலிருந்து வந்தது. 222 பேரை வைத்துச் செய்த சோதனை 2006-இல் வெளிவந்து பலன் காட்டியது. ஆனால் அந்தப் பயிற்சிக்கு மணிக்கட்டும் விரல்களும் ஓரளவாவது தாமாக நிமிர வேண்டும். அப்பாவுக்கு இன்னும் அவ்வளவு வரவில்லை. சுவீடனின் கவிஞர் திரான்ஸ்திரோமர் 1990-இல் இதே போல் வலப்பக்கமும் பேச்சும் இழந்தார். அதற்குப் பின் இடக்கைக்கென்றே எழுதப்பட்ட இசையைப் பியானோவில் வாசித்தார், கவிதையும் எழுதினார். 2011-இல் நோபல் பரிசு பெற்றார். வலக்கைக்காகக் காத்துக்கொண்டே அவர் உட்கார்ந்திருக்கவில்லை.

கடைசியில் அப்பாவே தீர்ப்புச் சொன்னார். காலை அரை மணி வலக்கைக்கு, மாலை அரை மணி கையெழுத்துக்கு. எழுதும்போது வலக்கை சும்மா இருக்கக் கூடாது, தாள் நகராமல் அதுதான் அழுத்திப் பிடிக்க வேண்டும். இந்த யோசனை அவருடையது. லேத்தில் ஒரு கை இறுக்கிப் பிடிக்கும், ஒரு கை கடையும் என்று சைகையால் விளக்கினார்.

வாசகியிடம் ஒரு கேள்வி: உங்கள் அம்மாவுக்கு என்ன வேண்டும் என்று கேட்டீர்களா? நான் பதினான்கு மாதம் கேட்கவில்லை.

16 ஜூலை 2023

உங்கள் பதிலைப் படித்தேன். படங்களைக் காட்டிக் காட்டிக் கேட்டபோது உங்கள் அம்மா கோலப்பொடி டப்பாவைத் தொட்டார் என்று எழுதியிருக்கிறீர்கள். உட்கார்ந்தபடி, பலகைமேல், இடக்கையால் மூன்று புள்ளி வைப்பதிலிருந்து தொடங்கலாமே. பேச்சுக்காக ஓசூர் சாலையிலுள்ள மனநல, நரம்பியல் மருத்துவமனையான நிம்ஹான்ஸில் ஒருமுறை காட்டுங்கள். பேச்சுப் பயிற்சிக்கென்று அங்கே தனிப் பிரிவு இருக்கிறது.

26 நவம்பர் 2023

வங்கிக்குப் போய் வந்தோம். நண்பரும் வந்தார், சலவை செய்த சட்டையில்.

அப்பா ஆட்டோவிலிருந்து இறங்கி, ஊன்றுகோலோடு படியேறி, நாற்காலியில் உட்கார்ந்தார். கவுன்ட்டரில் வேறொருவர் இருந்தார். படிவத்தை நீட்டிவிட்டு, அப்பாவின் வலக்கையைப் பார்த்துவிட்டு, மைப்பெட்டியைத் தேடினார். ‘பேடா’ என்றார் அப்பா, நன்றாகக் கேட்கும்படி. சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார். வலக்கையைத் தூக்கித் தாளின் ஓரத்தில் வைத்து அழுத்தினார். இனிஷியலும் ஐந்து எழுத்தும். முழுதாக மூன்று நிமிடம் ஆகியிருக்கும். பின்னால் நின்ற வரிசையில் ஒருவரும் முணுமுணுக்கவில்லை.

கையெழுத்துப் பழையதோடு பொருந்தவில்லை. பொருந்தாது என்பது எனக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். நான் யோசிக்கவே இல்லை. என் வயிறு கலங்கியது. அந்த அலுவலர் உள்ளே போய் மேலாளரிடம் பேசிவிட்டு, மாதிரிக் கையெழுத்தையே புதிதாகப் பதிவுசெய்துகொள்ளலாம், அதற்கு இன்னும் மூன்று இடங்களில் போட வேண்டும், முடியுமா என்று கேட்டார். அப்பா தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். வெளியே வந்தபின் நண்பர் முதன்முறையாக ‘நடி’ சொல்லவில்லை. பக்கத்துக் கடையில் மூன்று காப்பி சொன்னார். அப்பா திருத்தினார்: ‘சாவி.’

3 டிசம்பர் 2023

பலர் வாழ்த்தியிருக்கிறீர்கள், அப்பாவிடம் படித்துக் காட்டினேன். ஒன்றை மட்டும் சொல்ல வேண்டும். வலக்கை விரல் இந்த மாதம் 17.60, அது இருபதைத் தாண்டுமா என்று தெரியவில்லை. இரண்டு சொல்லுக்கு மேல் வாக்கியம் வருவது அபூர்வம். நான் வேலையை அரை நாளாகக் குறைத்துக்கொண்டு பதினைந்து மாதம் ஆகிறது. போன குறிப்பு ஒரு நல்ல நாளைப் பற்றியது.

30 ஜூன் 2024

வெகுநாளாக எழுதவில்லை. ஏப்ரலில் அப்பாவுக்கு வலிப்பு வந்தது. பக்கவாதத்தின் தழும்பு மூளையில் இருப்பதால் சிலருக்கு மாதங்கள் கழித்து, ஆண்டுகள் கழித்துக்கூட இப்படி வரலாம் என்று மருத்துவர் சொன்னார். எட்டு நாள் மருத்துவமனையில் இருந்தோம். வீட்டுக்கு வந்தபோது நடை வாசற்படிக்குத் திரும்பியிருந்தது. பேச்சு ‘பேக்கு’, ‘பேடா’வுக்குத் திரும்பியிருந்தது. ஈராண்டு உழைப்பு எட்டு நாளில் போயிற்று என்று நண்பரிடம் சொல்லி அழுதேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் ஆறே காலுக்கு வந்து திண்ணையில் உட்கார்ந்திருந்தார்.

சந்தேகம் எனக்கு இப்போதும் இருக்கிறது. மே மாதம் முழுவதும், இது மனிதரை வதைப்பதாகாதா, அவரை இப்படியே நிம்மதியாக விட்டுவிடலாமே என்று தோன்றிக்கொண்டிருந்தது. இம்முறை அதை மாடியில் தனியாக வைத்துக்கொள்ளாமல் அவரிடமே கேட்டேன். ‘அப்பா, போதுமா? நிறுத்திக்கலாமா?’ ஆம், இல்லை என்று பதில் சொல்லும் கேள்வி. பத்து வரை எண்ணினேன். இருபது வரை எண்ணியிருப்பேன்.

அவர் பரணைக் காட்டினார்.

பெட்டியை இறக்கி, வெர்னியரை எடுத்து அளந்தேன். 9.60. அந்த எண்ணைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. கருவியை அவர் பக்கம் திருப்பிக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கோட்டைப் பார்த்தார். நோட்டில் 17.60 இருந்த பக்கத்தின் அடியில் இடக்கையால் ஒரு கோடு இழுத்தார், தாளைப் புரட்டினார். பட்டறையில் ஒரு பொருள் அளவு தவறி ஒதுக்கப்பட்டால், அடுத்த இரும்பைப் பூட்டுவதற்கு முன் புதிய ஜாப் கார்டு, அதாவது வேலைச் சீட்டு, போடுவார்கள் என்று என் சின்ன வயதில் அவர் சொல்லியிருக்கிறார்.

‘கார்டு’ என்றார். சற்று நேரம் கழித்து, ‘புது.’

தேதியை அவரே எழுதினார். எண்ணை நான் 9.6 என்று எழுதியபோது, பேனாவை வாங்கிப் பக்கத்தில் சுழியத்தைச் சேர்த்தார்.